கடைமடைக்குத் தண்ணீர் வருமா? – வாசகர் கேள்வி பதில்

"புயலோ வெள்ளமோ வறட்சியோ வந்துபோன பிறகு உங்கள் ஊர் எப்படி எழுந்தது?" என்று போன இதழில் கேட்டிருந்தோம். வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் காவிரித் தண்ணீர் கடைசியாக வந்துசேரும் கடைமடையிலிருந்தும் அதை ஒட்டிய கடற்கரை ஊர்களிலிருந்தும் வந்தவை. அதனால் இந்த முறை முழுக்க அந்தப் பக்கத்துக் கேள்விகள்தான்.

கஜா புயலில் எங்கள் தோப்பில் 140 தென்னை சாய்ந்தது. அப்பா கடன் வாங்கி மறுபடியும் தென்னையே வைத்தார். இப்போது காய்க்க ஆரம்பித்திருக்கிறது. ஆனால் ஐப்பசி, கார்த்திகை வந்தால் வீட்டில் யாருக்கும் தூக்கம் இல்லை. மறுபடி தென்னை வைத்தது தவறா?
– வாசகி, பட்டுக்கோட்டை அருகில்

தவறு என்று சொல்ல மாட்டேன். உங்கள் பக்கத்தில் தென்னை எப்படி வந்தது என்று முதலில் பார்க்க வேண்டும். கல்லணைக் கால்வாய் 1934-ல் வந்தபோது பட்டுக்கோட்டை, பேராவூரணி வட்டாரத்துக்கு அது நெல்லைக் கொண்டுவந்தது. அதே கால்வாயின் கடைசியில் இருந்ததால், மேட்டூர் அணை ஜூன் 12-ல் திறக்காத வருஷங்களில் முதலில் காய்ந்ததும் உங்கள் பக்கம்தான். சலித்துப்போன விவசாயிகள் போர் போட்டு, தென்னம்பிள்ளை வைத்து, நெல்லை விட்டு வெளியே வந்தார்கள். ஆக, தென்னை என்பது வறட்சிக்கு உங்கள் தாத்தா தலைமுறையும் அப்பா தலைமுறையும் கண்டுபிடித்த பதில். அது வறட்சியைத் தாங்கியது. 2018 நவம்பர் 16 விடியற்காலையில் நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் நடுவில் கரையேறிய கஜா காற்றை அதனால் தாங்க முடியவில்லை.

அந்த டிசம்பரில் நான் அந்தப் பக்கம் போயிருந்தேன். ஒரு பெரியவர், விழுந்து கிடந்த தண்டுகளில் ஒன்று விடாமல் சுண்ணாம்பால் எண் போட்டுக்கொண்டிருந்தார். கணக்கெடுக்க வருகிறவர்கள் எண்ணிக்கையைக் குறைத்துவிடக் கூடாதே என்ற பயம். 87 வரை போட்டுவிட்டு ஒரு மரத்தின் மேல் உட்கார்ந்துவிட்டார். "இதை வைக்கும்போது என் மகள் கைக்குழந்தை" என்றார், அப்புறம் எதுவும் பேசவில்லை. அரசு அறிவித்தது மரத்துக்கு 600 ரூபாய், வெட்டி அகற்ற 500, மொத்தம் 1,100. நாற்பது ஐம்பது நாளுக்கு ஒரு வெட்டு என்று வருஷம் முழுக்கக் காசு கொடுத்த மரத்துக்கு அந்தத் தொகை எத்தனை நாளைக்கு வரும் என்று உங்கள் அப்பாவுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

தென்னை வைத்ததை விட, தென்னையை மட்டும் வைத்ததும், எல்லாவற்றையும் ஒரே வயதில் வைத்ததும்தான் எனக்குக் கவலை. அடுத்த புயல் வந்தால் மறுபடி ஒரே நாளில் எல்லாம் போகும், மறுபடி ஒரே நேரத்தில் ஏழு வருஷம் காத்திருக்க வேண்டும். இப்போதே செய்யக்கூடியது கொஞ்சம் இருக்கிறது. சாகும் மரம், நோய் வந்த மரம் இருக்கும் இடத்தில் குட்டை ரகமோ நெட்டை–குட்டை ஒட்டு ரகமோ வையுங்கள். மூன்று நான்கு வருஷத்தில் காய்க்கும், தோப்பில் வயதும் கலக்கும். கடல் காற்று வரும் பக்கத்து வரப்பில் பனை, பூவரசு, புங்கன் வரிசையாக நிற்கட்டும். கஜாவுக்குப் பிறகு அந்த ஊர்களுக்குப் போன எல்லோரும் பார்த்த ஒன்று, சுற்றிலும் தென்னை படுத்துக் கிடக்க நடுவில் பனை நின்றுகொண்டிருந்தது. பனைக்கும் ஆணிவேர் கிடையாதுதான், ஆனால் வேர் ஆழமாக இறங்கும். தலைப்பகுதியும் தென்னை மாதிரி விரிந்து காற்றை வாங்காது. நிழல் விழாத இடத்தில் தீவனப்புல் போட்டு இரண்டு மாடு கட்டினாலும், மரம் போன மாதம் பால் காசு வரும்.

புயல் எச்சரிக்கை வந்ததும் முற்றிய காய்களை இறக்கிவிட்டுக் கீழ் மட்டைகளையும் கழித்துவிடச் சொல்லுங்கள். தலைப்பாரம் குறைந்தால் மரம் பிழைக்க வாய்ப்பு உண்டு. தென்னை மரத்துக்குத் தனியாகக் காப்பீட்டுத் திட்டம் இருக்கிறது என்பதே பலருக்குத் தெரிவதில்லை. தென்னை வளர்ச்சி வாரியத்தின் திட்டம், பிரீமியத்தில் பெரும்பகுதியை வாரியமும் மாநில அரசும் கட்டும். கிடைக்கும் தொகை பெரிது என்று சொல்ல முடியாது, ஆனாலும் கட்டிவையுங்கள். வட்டார வேளாண் அலுவலகத்தில் இந்த வாரமே கேளுங்கள்.

கடல் தண்ணீர் புகுந்த வயலுக்கு ஏற்ற நெல் எது?
– விவசாயி, வேதாரண்யம்

குழியடிச்சான் (சில ஊரில் குழிவெடிச்சான்), களர்பாலை. இரண்டும் உப்பைத் தாங்கும். வெள்ளம் நிற்கும் வயல் என்றால் காட்டுயானம், ஆள் உயரத்தைத் தாண்டி வளரும். இந்த விதைகள் இன்றைக்குக் கைக்குக் கிடைப்பதற்கு நெல் ஜெயராமனுக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம். 174 பாரம்பரிய ரகங்களை மீட்டவர், கஜா அடித்த மூன்றாவது வாரம், 2018 டிசம்பர் 6-ல் போய்விட்டார். திருத்துறைப்பூண்டி பக்கம் ஆதிரெங்கத்தில் அவர் தொடங்கிய நெல் திருவிழாவில் இரண்டு கிலோ விதை வாங்கினால், அடுத்த வருஷம் நான்கு கிலோவாகத் திருப்பித் தர வேண்டும். உங்கள் ஊரில் பத்துப் பேர் சேர்ந்தால் இதே ஏற்பாட்டை நீங்களே நடத்தலாம். மகசூல் புது ரகம் அளவுக்கு வராது, அதனால் முழு வயலிலும் போடாமல், உப்பு ஏறிய வயலில் போடுங்கள்.

நாங்கள் கல்லூரி நண்பர்கள் முப்பது பேர் சேர்ந்து, காசு திரட்டி, ஊர்க் குளத்தைத் தூர்வாரினோம். இரண்டே வருஷத்தில் கருவேலம் மறுபடி மண்டிவிட்டது. பையன்கள் சோர்ந்துவிட்டார்கள். என்ன செய்வது?
– மாணவர், பேராவூரணி

தம்பி, உங்கள் ஊரிலேயே பெரிய உதாரணம் இருக்கிறது. கஜாவுக்கு அடுத்த வருஷம், 2019-ல், 564 ஏக்கர் பேராவூரணி பெரியகுளத்தை இளைஞர்களும் விவசாயிகளும் கைக்காசு போட்டுத் தூர்வாரினார்கள். புயலில் மரத்தை இழந்து உட்கார்ந்திருந்த ஊர், தன் வீட்டுக் கூரையே சரியாகாத நேரத்தில், குளத்துக்குப் பணம் கொடுத்தது. அதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு நிறைகிறது. நீங்களும் அந்த வரிசையில் வந்தவர்கள்தான்.

இனி உங்கள் குளம். சீமைக் கருவேலத்தை வெட்டினால் தூரிலிருந்து நாலாகத் துளிர்க்கும், வேரோடு எடுக்க வேண்டும். எடுத்தாலும் ஆடும் மாடும் நெற்றைத் தின்று புழுக்கையிலும் சாணியிலும் விதையைக் கொண்டுவந்து போடும். ஆகவே முதல் மூன்று வருஷம், மழைக்குப் பிறகு ஒரு முறை, கையால் பிடுங்கும் அளவில் இருக்கும்போதே பிடுங்கிவிட வேண்டும். முப்பது பேருக்கு அது இரண்டு ஞாயிற்றுக்கிழமை வேலை, விட்டுவிட்டால் மறுபடி பொக்லைன்.

அதை விட முக்கியமாக ஒன்று கேட்கிறேன். குளத்துக்குத் தண்ணீர் கொண்டுவரும் வரத்துக் கால்வாய் திறந்திருக்கிறதா? குளத்தைப் படம் எடுத்துப் போட முடியும், வரத்துக் கால்வாய் யார் கண்ணுக்கும் அழகாகத் தெரியாது, அதனால் அதை யாரும் தொடுவதில்லை. நிரம்பிய தண்ணீர் வழிந்தோடும் கலங்கல் உடைந்திருக்கிறதா, வயலுக்குத் தண்ணீர் விடும் மடைக்குப் பலகை இருக்கிறதா, இல்லை மணல் மூட்டை போட்டு அடைத்திருக்கிறார்களா? தூர்வாரும்போது மடையின் அடிமட்டத்தை விட ஆழமாகத் தோண்டிவிட்டீர்களா? அப்படித் தோண்டினால் அந்த அளவு தண்ணீர் மடை வழியாக வயலுக்குப் போகாது. நிலத்தடிக்கும் மாட்டுக்கும் மீனுக்கும் ஆகும், சரி, ஆனால் பாசனம் கிடைக்கும் என்று ஊருக்குச் சொல்லியிருந்தால் ஏமாற்றம்தான்.

முன்பெல்லாம் ஊரில் நீர்க்கட்டி என்று ஒருவர் இருந்தார். இராமநாதபுரம் பக்கம் மடைக்குடும்பர் என்பார்கள். ராத்திரி மழை பெய்தால் மண்வெட்டியோடு கரையில் நடப்பது அவர் வேலை. முங்கி மடைக்கல்லைத் தூக்குவதும், எந்த வயலுக்கு எத்தனை நாழிகை தண்ணீர் என்று பார்ப்பதும், தகராறு வந்தால் நடுவில் நிற்பதும் அவர்தான். அறுவடையில் களத்திலேயே அவருக்கு நெல் அளந்துவிடுவார்கள். அந்த வேலையோடு சாதி ஒட்டிக்கொண்டிருந்தது, பல ஊரில் அது மரியாதையாகவும் இல்லை, அதைத் திருப்பிக் கொண்டுவரச் சொல்லவில்லை. ஆனால் ஒரு குளத்துக்குச் சம்பளத்தோடு ஒரு ஆள் வேண்டும் என்பதை அந்தக் காலம் புரிந்துவைத்திருந்தது. ஊரே சேர்ந்து குளம், வாய்க்காலைப் பராமரிக்கும் குடிமராமத்தை 2017-ல் அரசு திரும்பக் கொண்டுவந்தபோதும் பணம் பெரும்பாலும் இயந்திரத்துக்கும் கரைக்கும் போனது, குளத்தைத் தினமும் பார்க்கிற ஆளுக்குப் போகவில்லை.

உங்கள் முப்பது பேர் இன்னும் மூன்று வருஷத்தில் வேலை தேடி நாலா திசையிலும் இருப்பீர்கள். அதற்கு முன்னால், ஆயக்கட்டில், அதாவது குளத்துத் தண்ணீர் பாயும் நிலத்தில், ஏக்கருக்கு இவ்வளவு என்று வசூலித்து ஒருவரைக் கரை பார்க்க அமர்த்துங்கள். மார்ச் 22 உலகத் தண்ணீர் நாளன்று கிராம சபை கூடும். குளத்தின் வரவு செலவை அங்கே படிக்க வேண்டும் என்று தீர்மானம் போடுங்கள். சோர்வு பணத்தாலும் வரும், தனியாகச் செய்கிறோம் என்ற எண்ணத்தாலும் வரும்.

"எத்தனை முறை அடித்தாலும் எழுந்து நிற்கும் டெல்டா மக்கள்" என்று டிவியில் சொல்கிறார்கள். பெருமையாகத்தானே இருக்கிறது?
– வாசகர், மன்னார்குடி

எனக்கு அந்த வாக்கியம் பிடிப்பதில்லை. கஜாவில் ஒரு லட்சத்துக்கு மேல் மின்கம்பங்கள் விழுந்தன. வாரக்கணக்கில் கரண்ட் இல்லாமல், மோட்டார் ஓடாமல், ஜெனரேட்டரை வாடகைக்கு எடுத்து ஊர்த் தொட்டியில் தண்ணீர் ஏற்றினார்கள் மக்கள். வேறு வழி இல்லாமல் செய்ததைப் பாராட்டிவிட்டு, ஏன் வேறு வழி இல்லை என்று கேட்காமல் போவது சரியில்லை.

எல்லோரும் ஒரே மாதிரி எழுவதும் இல்லை. மரத்துக்கான பணம் பட்டாக்காரருக்குப் போகும். அந்த மரத்தில் ஏறிக் காய் பறித்தவர் என்ன செய்தார்? மட்டையை இரண்டாகப் பிளந்து, குட்டையில் ஊறப்போட்டு, நாள் முழுக்கக் குத்தவைத்துக் கீற்று முடைந்த பெண்கள்? அவர்களுக்கு மரம் சொந்தமில்லை, ஆனால் மரம் போனபோது பிழைப்பு அவர்களுக்கும் போனது. திருப்பூருக்கும் கேரளாவுக்கும் போனவர்களில் சிலர் திரும்பவே இல்லை. ஒரு ஊர் மீண்டுவிட்டது என்று யாராவது சொன்னால், காலனித் தெருவில் போய்க் கேட்டீர்களா என்று நான் கேட்பேன்.

அலையாத்திக் காடு சுனாமியைத் தடுக்கும் என்று என் மகனின் பாடத்தில் இருக்கிறது. உண்மையா?
– இல்லத்தரசி, சிதம்பரம்

தடுக்கும் என்பதை விட, வேகத்தைத் தணிக்கும் என்று சொல்லிக்கொடுங்கள். அலையை ஆற்றுவதால் அலையாத்தி என்று பெயரே சொல்கிறது. 2004 டிசம்பர் 26-ல் உங்கள் பிச்சாவரம் பக்கம், காட்டுக்குப் பின்னால் இருந்த ஊர்களில் சேதம் குறைவாக இருந்ததைப் பலரும் பார்த்தார்கள், ஆய்வாகவும் பதிவானது. ஆனால் காட்டுக்கும் அளவு உண்டு. கஜாவில் முத்துப்பேட்டை அலையாத்தியே பெருமளவு முறிந்துபோனது.

பையனைப் படகில் கூட்டிப் போனால் ஒன்றைக் காட்டுங்கள். வெள்ளைக்காரன் காலத்தில் பட்டை பட்டையாக மொத்தமாக வெட்டிய இடங்களில் மண் அமுங்கி, கடல் நீர் தேங்கி, வெயிலில் உப்பேறி, புல்கூட முளைக்காமல் கிடந்தது. 1990-களில் அங்கே மீன்முள் மாதிரி, நடுவில் ஒரு பெரிய வாய்க்காலும் இருபுறமும் சாய்வாகக் கிளை வாய்க்கால்களும் வெட்டினார்கள். ஓதம் (கடல் நீர்மட்டம்) ஏறும்போது தண்ணீர் உள்ளே வந்தது, இறங்கும்போது உப்பைக் கரைத்து வெளியே கொண்டுபோனது. அப்புறம் நட்ட கன்று பிடித்தது. வனத்துறையும் எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் பக்கத்து ஊர் மக்களோடு சேர்ந்து செய்த வேலை. இந்தக் காட்டுக்கு ஆற்றின் நல்ல தண்ணீரும் வேண்டும், காவிரி கடலுக்குப் போய் "வீணாகிறது" என்று பேசுபவர்களுக்கு உங்கள் மகன் இதைச் சொல்லலாம்.

என் ஒரே மகன் சிங்கப்பூரில் வேலை பார்க்கிறான். நிலம் ஒத்திக்கு இருக்கிறது. ஊரில் இளவட்டமே இல்லை. இனி இந்த ஊர் என்ன ஆகும்?
– ஒரு தாய், திருத்துறைப்பூண்டி

அம்மா, மகன் போனதற்காக மனம் வருந்தாதீர்கள். ஒரு போகம் பொய்த்தால் அடுத்த போகம் வரை அடுப்பு எரிய வெளியிலிருந்து வரும் காசும் வேண்டும். கஜாவுக்குப் பிறகு பல வீடுகளில் கூரை மாற்றியது வெளிநாட்டிலிருந்து வந்த பணம்தான். காவிரிப் படுகை 2020-ல் சட்டப்படி பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலம் ஆனது நல்லது, ஆனால் விவசாயத்தில் வருமானம் வராமல் சட்டத்தை மட்டும் காட்டிப் பிள்ளைகளைத் திரும்ப அழைக்க முடியாது.

ஒன்று செய்யச் சொல்லுங்கள். லீவைப் பொங்கலுக்கு எடுப்பதற்குப் பதில் ஒரு வருஷம் வைகாசியில் எடுக்கச் சொல்லுங்கள். மேட்டூர் திறக்கும் முன் தூர்வாரும் வேலை அப்போதுதான் நடக்கும். எந்த வாய்க்கால், எத்தனை கிலோமீட்டர், எவ்வளவு தொகை என்று வேலை நடக்கும் இடத்தில் பலகை வைக்க வேண்டும். அந்தப் பலகையைப் போட்டோ எடுத்துக்கொண்டு, வாய்க்காலின் கடைசி வரை நடந்து பார்த்து, ஊர் வாட்ஸ்அப் குழுவில் போட ஒரு ஆள் வேண்டும். நிலம் ஒத்தியில் இருந்தாலும் வாய்க்கால் உங்களுடையதும்தான். மகனுக்கு லீவு கிடைத்ததா என்று எழுதுங்கள்.