கொக்கோப் பெட்டியிலும் இரத்தத்திலும் ஒரே ஈஸ்ட்: கேள்வி பதில்

மலேசியாவின் ஊத்தான் மெலிந்தாங், பாகான் டத்தோ வட்டாரத்தினர் கேண்டிடா குருசெய் என்ற ஈஸ்ட் (ஒற்றைச் செல் பூஞ்சை) பற்றிக் கேட்டவையும், நுண்ணுயிர் ஆய்வுக்கூடத்தைச் சேர்ந்த ஒருவர் தந்த பதில்களும்.

தோட்ட டிரெஸ்ஸர் (மருத்துவ உதவியாளர்): ஐயா, பெரியாஸ்பத்திரியிலிருந்து வந்த நோயாளியின் இரத்தப் பரிசோதனைத் தாளில் ‘கேண்டிடா குருசெய்’ என்றிருக்கிறது. எங்களிடம் புளுகோனசோல் என்ற பூஞ்சை மருந்து இருக்கிறது. கொடுக்கலாமா?

கொடுக்காதீர்கள். இந்த ஈஸ்ட்டுக்குப் புளுகோனசோல் பிறவியிலேயே எடுபடாது. மருந்து தாக்க வேண்டிய எர்க்11 என்ற நொதியில் அது சரியாக ஒட்டுவதில்லை; உள்ளே போனதையும் ஏபிசி1 என்ற பம்பு வெளியே தள்ளிவிடும். அதனால் அளவைக் கூட்டியும் பயனில்லை. ஈஸ்ட்டை அடக்கத் தேவையான மருந்தளவைக் காட்டும் எண் தாளில் குறைவாகத் தெரிந்தாலும் ‘எதிர்ப்பு உள்ளது’ என்றே கொள்ள வேண்டும்.

இரத்தத்தில் வந்தால் ஆஸ்பத்திரியில் ஊசி வழியாகத்தான் வைத்தியம். பெரியவர்களுக்குக் கேஸ்போபஞ்சின் என்ற பூஞ்சை மருந்து முதல் நாள் 70 மில்லிகிராம், பிறகு தினம் 50. அல்லது மைக்கபஞ்சின் தினம் 100. பெரிய நரம்பில் குழாய் போட்டிருந்தால் முடிந்தவரை சீக்கிரம் எடுத்துவிட வேண்டும், ஈஸ்ட் அதில் படலமாக ஒட்டியிருக்கும். கண்ணையும் பரிசோதிக்க வேண்டும். இரத்தத்தில் ஈஸ்ட் இல்லை என்று பரிசோதனை காட்டிய நாளிலிருந்து எண்ணி 14 நாள் மருந்து தொடரும். காய்ச்சல் இறங்கிய நாளிலிருந்து அல்ல. இங்கேதான் பல பேர் தவறுகிறார்கள்.

இன்னொரு தவறும் உண்டு. முதல் நாள் லேப் ‘ஈஸ்ட் தெரிகிறது’ என்று மட்டும் சொல்லும், வகை பிறகுதான் தெரியும். இடையில் வழக்கம்போல் புளுகோனசோல் தொடங்கிவிடுவார்கள். இரத்தப் புற்றுநோயால் வெள்ளை அணு குறைந்து, முன்காப்பாக அதே மருந்தைச் சாப்பிட்டு வந்தவர்களிடம்தான் குருசெய் அதிகம் தலைதூக்குகிறது. ஆகவே பரிந்துரைக் கடிதத்தில் முன்பு என்ன மருந்து சாப்பிட்டார் என்பதை மறக்காமல் எழுதுங்கள். அந்த ஒரு வரி உயிரைக் காக்கும்.

கல்லூரி மாணவி: உணவுத் தொழில்நுட்பப் பாடத்தில் வரும் பிச்சியா குத்ரியாவ்சேவி இதுதானா, சார்?

இதேதான், தங்கச்சி. இசாட்செங்கியா ஓரியண்டாலிஸ், கேண்டிடா கிளிசரினோஜினஸ் என்பவையும் இதன் பெயர்களே. 2018இல் மரபணுத் தொகுதிகளை ஒப்பிட்டுப் பார்த்தபோது ஆஸ்பத்திரி ஈஸ்ட்டும் வெளியில் கிடைக்கும் ஈஸ்ட்டும் ஒரே இனம், மருந்து எதிர்ப்பும் ஏறக்குறைய ஒன்றே என்று தெரிந்தது. உலகச் சுகாதார நிறுவனம் 2022இல் வெளியிட்ட பூஞ்சைப் பட்டியலில் இது நடுத்தர முன்னுரிமைப் பிரிவில் இருக்கிறது. பலரும் பயப்படும் கேண்டிடா ஆரிஸ் வேறு இனம். அது அதே பட்டியலின் உச்சப் பிரிவில் உள்ளது.

பாகான் டத்தோ விவசாயி: கொக்கோ ஊறப்போட்டால் முதல் இரண்டு நாள் சாராய வாடை வருகிறதே, அதில் இது இருக்குமா? ஆபத்தா?

இருக்கும், அது வேலை செய்யவும் வேண்டும். கொட்டையைச் சுற்றிய புளிப்புச் சதையில் சர்க்கரையைத் தின்று சாராயமாக்கும் ஈஸ்ட்களில் இதுவும் ஒன்று. சதை கரைந்து சாறு வடிந்தால்தான் காற்று உள்ளே போகும். பிறகு சாராயத்தைப் புளிக்காடியாக்கும் பாக்டீரியா குவியலை 45 முதல் 50 பாகை செல்சியஸுக்குச் சூடாக்கும். சாறு வடியாவிட்டால் கொட்டை ஊதாவாகவே நின்று கசக்கும். பெட்டியின் அடித்துளைகள் அடைத்திருக்கிறதா என்று முதலில் பாருங்கள். 48 மணி நேரத்தில் முதல் புரட்டல், பிறகு தினம் ஒன்று, 5 அல்லது 6 நாளில் காயப்போடலாம். வறுக்கும் சூட்டில் ஈஸ்ட் சாகும். உடம்பு நன்றாக உள்ளவர் பயப்பட வேண்டாம். புற்றுநோய் மருந்து ஏறுபவர் மட்டும் பெட்டியில் கைவைக்காமல், பச்சைக் கள், தாப்பாய் (புளிக்கவைத்த சோறு அல்லது மரவள்ளி) தொடாமல் இருப்பது நல்லது.

ஒரு சகோதரி: புளுகோனசோல் 150 மாத்திரை பல தடவை சாப்பிட்டும் அரிப்பு, வெள்ளைப்படுதல் நிற்கவில்லை.

அக்கா, மறுபடி மாத்திரை வாங்காமல் பஞ்சுக்குச்சியில் எடுத்து வளர்ப்புச் சோதனை கேளுங்கள். குருசெய் இதற்கு அபூர்வக் காரணம்; வேறு ஈஸ்ட்டாகவோ ஈஸ்ட்டே இல்லாமலோ இருக்கலாம். குருசெய் என்று வந்தால் உள்ளே வைக்கும் குளோட்ரிமசோல் பல நேரம் கேட்கும். இனிப்பு நீர் (நீரிழிவு) இருக்கிறதா என்றும் பாருங்கள்.

மண்டோர் (தோட்டக் கண்காணி): செம்பனைக்கு ஹெக்சகோனசோல் என்ற பூஞ்சைக்கொல்லி போடுகிறோம். எதிர்ப்பு அதனால் வந்ததா?

குருசெய்க்கு அப்படிச் சொல்ல முடியாது, அதன் எதிர்ப்பு இயல்பிலேயே உள்ளது. ஆனால் புளுகோனசோல், ஹெக்சகோனசோல் இரண்டும் சேர்ந்த அசோல் குடும்பத்து வயல் மருந்துகளால் ஆஸ்பெர்ஜில்லஸ் பூஞ்சையில் எதிர்ப்பு வளர்ந்ததற்கு நல்ல ஆதாரம் உண்டு. லேபிளில் உள்ள அளவுக்கு மேல் போடாதீர்கள்.

மில் மேற்பார்வையாளர்: தொழிற்சாலைகள் ஏன் இதைத் தேடுகின்றன?

மற்ற ஈஸ்ட் சுருண்டு விழும் இடத்தில் இது நிற்கும். 40 பாகைக்கு மேலும் புளிக்கவைக்கும், கடும் புளிப்பைத் தாங்கும், செம்பனைப் பழம் எடுத்த வெறுங்குலையைக் கரைக்கும்போது வரும் பர்பியூரல் என்ற நச்சுப்பொருளையும் அசிட்டிக் அமிலத்தையும் ஓரளவு பொறுக்கும். பாக்டீரியா வழியில் லாக்டிக் அமிலம் எடுத்தால் புளிப்பைத் தணிக்கச் சுண்ணாம்பு சேர்த்துக்கொண்டே இருக்க வேண்டும். ஒரு டன் அமிலத்துக்கு ஏறக்குறைய ஒரு டன் ஜிப்சம் கழிவாகக் குவியும். மரபணு மாற்றிய இந்த ஈஸ்ட்டில் அந்தத் தொல்லை பெரிதும் குறையும். குறை என்னவென்றால், குளுக்கோஸ் போன்ற சில சர்க்கரைகளைத்தான் இது நன்றாகத் தின்னும். வெறுங்குலையில் உள்ள சைலோஸ் என்ற சர்க்கரை அப்படியே மிஞ்சும். இதை வளர்ப்பதானால் கேஸ்போபஞ்சின், ஆம்போடெரிசின் ஆகிய இரண்டு பூஞ்சை மருந்துகளுக்கும் அடங்கும் வகையாகப் பார்த்து எடுங்கள். கழிவை 121 பாகை நீராவியில் கொன்ற பிறகே கழிவுக் குளத்துக்கு விடுங்கள்.