வேல்ஸ் கோட்டைச் சுற்றுலா: முழங்கால் வலியுள்ள தாயாருக்கு எது ஏற்றது?

பிரிட்டனின் வேல்ஸ் பகுதியில் சிறு குழுச் சுற்றுலா ஒன்றின் நிரலில் கர்னார்வன், கான்வி என்ற இரு கோட்டைகள் உள்ளன, முழங்கால் வலியுள்ள தாயாரை எதற்குள் அழைத்துச் செல்லலாம் என்று கேட்டிருந்தீர்கள். கர்னார்வன் கோட்டைக்குள் அழைத்துச் செல்லுங்கள். கான்வியை வெளியிலிருந்து பார்த்தால் போதும். கர்னார்வனின் அரசர் வாயிலில் மின்தூக்கி அமைத்து 2023இல் திறந்திருப்பதால், உங்கள் தாயார் படியேறாமலே மேல்தளத்தை அடையலாம். கான்விக் கோபுரங்களுக்கோ இருண்ட, குறுகிய சுழற்படிகள்தான் வழி. எதிரே ஒருவர் இறங்கினால் சுவரோடு ஒட்டி நிற்க வேண்டியிருக்கும்.

இரு கோட்டைகளும் நிரலில் இருந்தும் நுழைவுக் கட்டணம் பற்றி ஒரு சொல்லும் இல்லையே என்றும் கேட்டிருந்தீர்கள். சிறு குழுச் சுற்றுலாக்கள் பலவற்றில் நுழைவுச்சீட்டு தனிச் செலவு. 'கான்வி' என்று எழுதியிருந்தால் அது கோட்டையை அல்லாமல் ஊரைக் குறிப்பதாகவும் இருக்கலாம்.

ஆகவே முன்பதிவுக்கு முன் மூன்றை எழுத்தில் கேட்டுப் பெறுங்கள்: ஒவ்வோர் ஊரிலும் எத்தனை மணி நேரம், சீட்டு யார் பொறுப்பு, வண்டியின் ஏறுபடி எவ்வளவு உயரம். கடைசிக் கேள்வியைப் பலர் மறந்துவிடுகிறார்கள்; சிறிய வேன்களில் ஒரு நாளில் பத்துமுறை ஏறி இறங்குவதே கோட்டைப் படிகளைவிட முழங்காலைச் சோதிக்கும்.

கான்வியில் ஏமாற்றம் இராது. 1826இல் பொறியாளர் தெல்ஃபோர்டு கட்டிய தொங்குபாலத்தின் அக்கரையிலிருந்து, இங்கிலாந்து மன்னர் முதலாம் எட்வர்டு 1283 முதல் 1287 வரை எழுப்பிய எட்டுக் கோபுரக் கோட்டை ஆற்றோரம் தெரியும்.

ஓர் எச்சரிக்கை: மின்தூக்கி அரசர் வாயிலுக்கு மட்டுமே, கர்னார்வனின் ஏனைய கோபுரங்களில் இன்றும் படிகள்தான். மின்தூக்கி நீங்கள் செல்லும் நாளில் இயங்குகிறதா என்பதை, கோட்டையைப் பராமரிக்கும் காடூ அமைப்பின் தளத்தில் (நம் 'காடு' அல்ல, வெல்ஷ் மொழியில் 'காத்தல்' என்று பொருள்) காலையிலேயே பார்த்துவிடுங்கள்.