சைகோன் சினிமாவில் வெளியாளுக்கு இடம் உண்டா?

தம்பி, சென்னையில் எடிட்டிங் உதவியாளராக இருந்துவிட்டு ஐடி வேலையில் வியட்நாமின் சைகோனுக்கு வருகிறீர்கள். இங்கேயும் சினிமாவில் நுழைய முடியுமா, வெளியாளைச் சேர்ப்பார்களா என்று கேட்டிருந்தீர்கள். சேர்ப்பார்கள். ஆனால் எது வரைக்கும் என்று தெரிய, இயக்குநர் சார்லி நுயெனின் கதையைக் கேளுங்கள்.

அவரைத் தெரியாவிட்டாலும் அவர் தம்பியை உங்களுக்குத் தெரியும். 'ஏழாம் அறிவு' வில்லன் ஜானி ட்ரி நுயென்தான். சார்லி 1968இல் சைகோனில் பிறந்து, பதின்ம வயதில் அமெரிக்கா போய் வளர்ந்தவர். திரும்பி வந்து 2007இல் 'தி ரெபல்' எடுத்தார். பிரெஞ்சுக்காரர்கள் ஆண்ட 1920களின் கதை, தம்பிதான் நாயகன். சண்டைக் காட்சிகள் இன்றைக்குப் பார்த்தாலும் அசத்தும். பேர் கிடைத்தது, போட்ட பணம் திரும்பவில்லை.

அப்புறம் மனிதர் ரூட்டை மாற்றி, 2010இல் 'தே மாய் தின்' என்ற காமெடி எடுத்தார். அதில் சின்ன வேடத்தில் வந்த தாய் ஹோவாவை மக்களுக்கு அவ்வளவு பிடித்துப்போனதால், 2014இல் அந்தப் பாத்திரத்தை வைத்தே இரண்டாம் பாகம் வந்தது. அதைத் தியேட்டரில் பார்த்தேன். ஆங்கில சப்டைட்டில் உண்டு, ஆனாலும் பக்கத்து சீட்டு அம்மா பாப்கார்ன் சிந்தச் சிரித்து ஓய்ந்த பிறகுதான் நான் அந்த வரியைப் படித்து முடிப்பேன். பாதி ஜோக் தெற்கு வியட்நாம் பேச்சின் இழுவையில் இருக்கிறது, அது எழுத்தில் வராது. வசனத்தை எங்கே வெட்டுவது என்று அந்தக் காதில்லாமல் எப்படி முடிவு செய்வீர்கள்?

நடுவில் 2013இல் பெரிய அடி. சைகோனின் சோ லோன் பகுதி ரவுடிக் கும்பல்களை வைத்து எடுத்த படத்தை, திருத்திக் கொடுத்தும் தணிக்கைக் குழு தடை செய்தது. தெருவில் இவ்வளவு வெட்டுக்குத்து நடக்கிறது, போலீஸ் எங்கே என்பது அவர்கள் கேள்வி. தியேட்டருக்கே வராத படம் இணையத்தில் கசிந்தது. நம் ஊர் சென்சார் பரவாயில்லை என்று தோன்றும்.

2017இல் தயாரிப்பாளராக 'எம் சுவா 18' கொடுத்தார். இயக்கியவர் லே தான் சோன். சுமார் 17,000 கோடி டொங் வசூல் (மலைக்க வேண்டாம், இந்த ஊர் நாணயமான டொங்கின் கணக்கு அப்படித்தான்), அதுவரை எந்த வியட்நாமியப் படமும் தொடாத தொகை.

கவனியுங்கள், தாய்மொழியும், எண்பதுகளின் நட்சத்திரம் சான் தின் என்ற சித்தப்பாவும் இருந்தவருக்கே இந்தப் பாடு. ஆகவே வசன எடிட்டிங்கில் இப்போதைக்குக் கை வைக்காதீர்கள். கலர், விஎஃப்எக்ஸ், விளம்பரப் படம், இந்தப் பக்கம் முயலுங்கள். மாலையில் ஒரு மொழி வகுப்பு, அதுவும் தெற்கத்தி உச்சரிப்பு சொல்லித்தருகிற இடமாகப் பார்த்து. இன்னொன்று, உங்கள் வேலை அனுமதி அந்த ஐடி கம்பெனி வேலைக்கு மட்டும்தான். சம்பளம் வாங்கிக்கொண்டு வேறு வேலை செய்வதற்கு முன் கம்பெனி எச்ஆரிடம் கேட்டுவிடுங்கள்.