வீட்டுக் கடன் முடியும்போது மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம்? (கேள்வி பதில்)

ஒரு பொதுத்துறை வங்கியின் கடன் பிரிவில் 31 ஆண்டுகள் பணியாற்றி ஓய்வு பெற்றவன் என்ற தகுதியில் இங்கே பதில் எழுதுகிறேன். கணக்குகள் குழம்பாமல் இருப்பதற்காக, வேறு எதுவும் குறிப்பிடாத இடங்களில் 50 லட்சம் ரூபாய் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டு என்று வைத்துக்கொள்கிறேன்.

ஓசூர், தனியார் நிறுவன ஊழியர்: ஐயா, வங்கியில் 30 ஆண்டு எடுத்துக்கொள்ளச் சொல்கிறார்கள். தவணை ஐயாயிரம் ரூபாய் குறையுமாம். எடுக்கலாமா?

தவணை குறையும் என்பது உண்மைதான். 20 ஆண்டுக்கு மாதம் 43,391 ரூபாய். 30 ஆண்டுக்கு 38,446 ரூபாய். ஆனால் 20 ஆண்டில் நீங்கள் கட்டும் மொத்தத் தொகை ஏறத்தாழ 1 கோடியே 4 லட்சம். 30 ஆண்டில் அது 1 கோடியே 38 லட்சத்தைத் தாண்டுகிறது. மாதம் 4,945 ரூபாய் குறைவாகக் கட்டும் வசதிக்காக 34 லட்சம் ரூபாய் கூடுதலாகத் தருகிறீர்கள்.

இது ஏன் என்று புரிய வேண்டுமானால், முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பாருங்கள். 50 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 35,417 ரூபாய். 20 ஆண்டுக் கடனில் அது போக அசலில் கழிவது 7,974 ரூபாய். 30 ஆண்டுக் கடனில் வெறும் 3,029 ரூபாய். அடுத்த மாத வட்டி மீதி அசலுக்குத்தான் கணக்கிடப்படும் என்பதால், அசல் மெதுவாகக் கரைந்தால் வட்டி நெடுநாள் கனமாகவே நிற்கும். 20 ஆண்டுக் கடனிலேயே ஐந்து ஆண்டு முடிவில் 26 லட்சம் கட்டியிருப்பீர்கள். அசல் குறைந்திருப்பதோ 6 லட்சத்துக்கும் கீழே. பாதி அசல் அடையவே 13 ஆண்டு 10 மாதம் ஆகும். பத்தாவது ஆண்டில் வீட்டை விற்க வருபவர்கள் மீதிக் கடனைப் பார்த்து அதிர்ச்சி அடைவதும், வங்கி ஏமாற்றிவிட்டது என்று சண்டைக்கு வருவதும் இதை முதலிலேயே பார்க்காததால்தான். கடன் ஒப்பந்தத்தோடு தரப்படும் தவணை அட்டவணையை ஒரு முறையாவது வரிவரியாகப் படியுங்கள்.

என் வழக்கமான எச்சரிக்கையை இங்கேயே சொல்லிவிடுகிறேன்: தவணைத் தொகை உங்கள் சம்பளத்துக்கு ஏற்றபடி வெட்டித் தைக்கப்பட்ட சட்டை. கடன் எவ்வளவு செலவு வைக்கும் என்பதை மீதித் தவணைகளின் எண்ணிக்கைதான் காட்டும்.

திருநெல்வேலி, அரசு ஊழியர்: 2021-இல் கடன் வாங்கினேன். தவணைத் தொகை மாறவே இல்லை. ஆனால் கடன் முடியும் தேதி பல ஆண்டுகள் தள்ளிப் போயிருக்கிறது. இது முறையா?

இந்தக் கேள்விக்காகத்தான் நான் இங்கே உட்கார்ந்திருக்கிறேன் என்றே சொல்லலாம்.

2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ஒரு வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டன. பெரும்பாலும் அது ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம், அதாவது வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி குறுகிய காலக் கடன் தரும் வட்டி. 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதம் ஆனது. ஓராண்டுக்குள் இரண்டரை சதவீதம் ஏறிய இந்த வேகத்தைக் கடன் வாங்கியவர்கள் யாரும் எதிர்பார்க்கவில்லை.

ஒரு கணக்கைப் பாருங்கள். 6.5 சதவீதத்தில் 50 லட்சம், 20 ஆண்டு, தவணை 37,279 ரூபாய். ஓராண்டு ஒழுங்காகக் கட்டியபின் மீதி அசல் சுமார் 48 லட்சத்து 74 ஆயிரம். அப்போது வட்டி 9 சதவீதம் ஆகிறது என்றால், ஒரு மாத வட்டி மட்டும் 36,555 ரூபாய். தவணையை மாற்றாமல் விட்டால் அசலுக்குப் போவது 724 ரூபாய். அந்த வேகத்தில் கடன் அடைய இன்னும் ஏறத்தாழ 44 ஆண்டு வேண்டும். ஓய்வு பெறும் வயதைத் தாண்ட முடியாது என்பதால் வங்கி ஒரு கட்டத்தில் தவணையையும் ஏற்றும். ஆனால் அதற்கு முன் எத்தனை பேருக்கு இது தெரிந்தது?

வாடிக்கையாளரிடம் கேட்காமலே காலத்தை நீட்டியதால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு இட்டது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்ற தேர்வை உங்களுக்குத் தர வேண்டும். காலாண்டுக்கு ஒரு முறை, இதுவரை வசூலித்த அசல், வட்டி, மீதித் தவணைகளின் எண்ணிக்கை ஆகியவற்றைக் காட்டும் அறிக்கையையும் தர வேண்டும். அந்த அறிக்கையை எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.

2025-இல் ரெப்போ படிப்படியாக 5.25 சதவீதத்துக்கு இறங்கியது. இப்போது தவணையைக் குறைத்துத் தருகிறோம் என்று யாராவது அழைத்தால், வேண்டாம், காலத்தைக் குறையுங்கள் என்று சொல்லுங்கள். ஏறும்போது காலத்தை நீட்டிவிட்டு இறங்கும்போது தவணையைக் குறைத்துக்கொண்டால், நீண்ட காலம் அப்படியே நின்றுவிடும்.

ஈரோடு: எந்த வங்கியில் வட்டி குறைவு?

இன்று நான் சொல்வது அடுத்த மாதம் பொருந்தாது. ரெப்போவுக்கு மேல் வங்கி எத்தனை சதவீதம் கூட்டுகிறது என்று கேளுங்கள். ரெப்போ எல்லோருக்கும் ஒன்றுதான்.

தஞ்சாவூர்: முன்கூட்டியே பணம் கட்டினால் அபராதம் உண்டா?

தனிநபர் பெயரிலுள்ள மாறும் வட்டி வீட்டுக் கடனுக்குக் கிடையாது. நிலையான வட்டியாக இருந்தால் ஒப்பந்தத்தைப் பாருங்கள். அபராதம் இல்லாத இந்த உரிமையை மிகக் குறைவானவர்களே பயன்படுத்துகிறார்கள் என்பது என் நெடுநாள் வருத்தம். ஒவ்வோர் ஆண்டு முடிவிலும் ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டினால், 240 மாதக் கடன் ஏறத்தாழ 200 மாதத்தில் முடிகிறது. கட்டும்போது, அந்தத் தொகையை அசலில் கழித்துக் காலத்தைக் குறைக்கும்படி எழுதிக் கொடுங்கள்.

விருதுநகர், சிறு வணிகர்: ஒரு நிதி நிறுவனம் 10 லட்சம் ரூபாயை 8 சதவீத ஃப்ளாட் வட்டியில் பத்து ஆண்டுக்குத் தருகிறது. வங்கி வட்டியை விடக் குறைவுதானே?

இல்லை. ஃப்ளாட் என்றால் நீங்கள் அடைத்துவிட்ட அசலுக்கும் சேர்த்துக் கடைசி வரை வட்டி கட்டுகிறீர்கள் என்று பொருள். மாதம் 15,000 ரூபாய் கட்டுவீர்கள். குறைந்துவரும் அசலுக்கு வட்டி என்ற முறையில் பார்த்தால் இது 13 சதவீதத்துக்கும் சற்று மேல்.

சேலம்: கடனோடு சேர்த்து ஒன்றரை லட்சம் ரூபாய்க்குக் காப்பீடும் எடுக்கச் சொல்கிறார்கள். அந்தத் தொகையையும் கடனிலேயே சேர்த்துவிடுவார்களாம்.

கடன் வாங்கியவர் இறந்தால் குடும்பம் தெருவுக்கு வரக்கூடாது. ஆகவே காப்பீடு தேவையானதுதான். ஆனால் அதைக் கடனில் சேர்த்தால், அந்த ஒன்றரை லட்சத்துக்கு 20 ஆண்டில் 3 லட்சத்து 12 ஆயிரம் ரூபாய் கட்டுவீர்கள். தனியாக ஒரு டெர்ம் பாலிசி (குறித்த காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) எடுத்து ஆண்டுதோறும் கட்டணம் செலுத்துவதோடு ஒப்பிட்டுப் பாருங்கள். இன்ன நிறுவனத்தில்தான் எடுக்க வேண்டும் என்று உங்களைக் கட்டாயப்படுத்த முடியாது.

கும்பகோணம், கணித ஆசிரியர்: ஐயா, நீங்கள் சொல்லும் 1 கோடியே 4 லட்சம் என்ற கணக்கே தவறு. இன்றைய ரூபாயையும் இருபது ஆண்டு கழித்து வரும் ரூபாயையும் ஒன்றாகக் கூட்டுகிறீர்கள். கடைசித் தவணையான 43,391 ரூபாய்க்கு அன்று என்ன மதிப்பு இருக்கும்?

ஆசிரியர் சரியான இடத்தில் பிடித்துவிட்டார். பணவீக்கம் ஆண்டுக்கு 5 சதவீதம் என்று வைத்து, 240 தவணைகளையும் இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தால் மொத்தம் ஏறத்தாழ 65 லட்சத்து 75 ஆயிரம் ரூபாய். அப்படிப் பார்த்தால் கடனின் உண்மையான கூடுதல் செலவு 54 லட்சம் அல்ல, 16 லட்சத்துக்கும் சற்றுக் குறைவு. இதை ஒப்புக்கொள்கிறேன்.

அதே ஆசிரியர்: அப்படியானால் ஓசூர் அன்பருக்கு நீங்கள் சொன்ன பதிலும் மாற வேண்டும். 30 ஆண்டுக் கடனின் இன்றைய மதிப்பு சுமார் 71 லட்சத்து 60 ஆயிரம். வித்தியாசம் 34 லட்சம் அல்ல; 6 லட்சம்கூட இல்லை. குறைந்த தவணையை எடுத்து, மிச்சமாகும் 4,945 ரூபாயை மாதந்தோறும் முதலீடு செய்பவர் வெல்ல வாய்ப்பு உண்டு.

கணக்கு சரி. ஆனால் அது இரண்டு ஊன்றுகோல்களில் நிற்கிறது. முதலாவது, பணவீக்கத்தோடு உங்கள் சம்பளமும் ஏற வேண்டும். அகவிலைப்படி பெறும் அரசு ஊழியருக்கு அது பொருந்தும். திருப்பூரில் தையல் யூனிட் நடத்துபவருக்குப் பொருந்தும் என்று யார் உறுதி கூற முடியும்? இரண்டாவது, வட்டி மாறாமல் இருக்க வேண்டும். நம் நாட்டில் விலைவாசி வேகமாக ஏறினால் ரிசர்வ் வங்கி ரெப்போவை ஏற்றும். ரெப்போ ஏறினால் உங்கள் வட்டியும் ஏறும். பணவீக்கத்தால் கடனாளிக்குக் கிடைக்க வேண்டிய இலாபத்தை மாறும் வட்டி திரும்பப் பிடுங்கிக்கொள்கிறது. 2022-இல் நடந்தது இதுதான்.

டல்லாஸ், மென்பொருள் துறை: குறுக்கிடுவதற்கு மன்னிக்கவும். இங்கே 2021-இல் முப்பது ஆண்டுக்கும் மாறாத வட்டியில், 3 சதவீதத்துக்கும் குறைவாக வாங்கினேன். எனக்கு ஆசிரியர் சொல்வது அப்படியே பொருந்துகிறது. முன்கூட்டியே அடைக்க எனக்கு மனமில்லை.

அடைக்காதீர்கள். அங்கே பணவீக்கம் 9 சதவீதத்தைத் தொட்டபோதும் உங்கள் வட்டி நகரவில்லை; உங்களுக்குக் கடன் கொடுத்தவர்தான் அந்த இழப்பைச் சுமந்தார். நம் ஊரில் சுமப்பவர் கடன் வாங்கியவர். அமெரிக்க ஆலோசனைகளைப் படித்துவிட்டு இங்கே கடனை அடைக்காமல் வைத்திருப்பவர்கள் இந்த ஒரு வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும்.

கும்பகோணம் ஆசிரியர்: வட்டி ஏறும் என்பதை ஏற்கிறேன். முதலீட்டைப் பற்றிப் பதில் சொல்லவில்லையே?

மிச்சமாகும் தொகையை 30 ஆண்டு விடாமல் முதலீடு செய்பவர் வெல்லலாம் என்பதை நான் மறுக்கவில்லை. அப்படிச் செய்யப்போவதாகச் சொல்லி நீண்ட காலம் கேட்ட பலரை என் மேசைக்கு எதிரே பார்த்திருக்கிறேன். அவர்களில் பலர் மூன்றாம் ஆண்டில் கார் கடனுக்கு வந்தார்கள். நீங்கள் அப்படிப்பட்டவர் அல்ல என்று நம்புகிறேன். இந்த விவாதத்தை இத்தோடு நிறுத்துவோம், காத்திருப்பவர்கள் பலர்.

மதுரை: முன்கூட்டியே கட்டினால் அபராதம் உண்டா?

தஞ்சாவூர் அன்பருக்கு எழுதிய பதிலைப் படியுங்கள்.

கோவை: எந்த வங்கி நல்ல வங்கி?

ஈரோடு அன்பருக்கு எழுதிய பதில்.

வேலூர், தம்பதியர்: 80 லட்சம் ரூபாய்க்குப் பழைய வீடு ஒன்று பார்த்திருக்கிறோம். கையில் 16 லட்சம் இருக்கிறது. மீதியை வங்கி தருமா?

64 லட்சம் வரை கிடைக்கலாம்; 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 80 சதவீதம் என்பது உச்ச வரம்பு. ஆனால் பத்திரச் செலவு அந்த மதிப்பில் சேராது. தமிழ்நாட்டில் இத்தகைய கிரயத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். ஆக 7 லட்சத்து 20 ஆயிரம் ரூபாயைக் கையிலிருந்து எடுக்க வேண்டும். வங்கியின் பரிசீலனைக் கட்டணம், வழக்கறிஞர் கருத்துரை, அடமானப் பதிவுச் செலவு எல்லாம் தனி. இந்த இடத்தில்தான் பலர் நகைக் கடனையும் தனிநபர் கடனையும் வாங்கி, அதிக வட்டியில் வீட்டு வாழ்க்கையைத் தொடங்குகிறார்கள். வீட்டுக் கடனின் செலவில் அந்த வட்டியையும் சேர்த்தே எழுத வேண்டும். என் கருத்து, இன்னும் ஓராண்டு சேமியுங்கள், அல்லது சிறிய வீடாகப் பாருங்கள்.

நாகர்கோவில்: வரிச் சலுகை கிடைப்பதால் கடனை அடைக்காமல் வைத்திருப்பது நல்லது என்கிறார் எங்கள் ஆடிட்டர்.

நீங்களே குடியிருக்கும் வீட்டுக்கான வட்டிச் சலுகை பழைய வரி முறையில் மட்டும்தான். அதுவும் ஆண்டுக்கு 2 லட்சம் வரை. 30 சதவீத வரி வரம்பில் இருந்தாலும் செஸ் உட்பட மிச்சமாவது 62,400 ரூபாய். முதல் ஆண்டில் நீங்கள் கட்டும் வட்டியோ 4 லட்சத்து 21 ஆயிரம். புதிய வரி முறைக்கு மாறியிருந்தால் அந்த 62,400 ரூபாயும் இல்லை.

புதுச்சேரி: வாடகை வீடா, சொந்த வீடா?

அது வேறு ஒரு நாள் பேச வேண்டிய பொருள்.

காரைக்குடி: முன்கூட்டியே முழுவதும் அடைத்தால் அபராதம்…

இல்லை. இல்லை. மாறும் வட்டிக்கு இல்லை.

திருச்சி, ஓய்வு பெற்ற செவிலியர்: கடைசித் தவணையைப் போன மாதம் கட்டிவிட்டேன். இனி எதுவும் செய்ய வேண்டாமல்லவா?

வாழ்த்துகள், அம்மா. ஆனால் இன்னும் இரண்டு வேலைகள் இருக்கின்றன. மூலப் பத்திரங்களை 30 நாளுக்குள் வங்கி திருப்பித் தர வேண்டும். அதன் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும். இது 2023 டிசம்பர் முதல் நடைமுறையில் இருக்கிறது. பத்திரங்களை வாங்கும்போது பக்கங்களை எண்ணிப் பார்த்துக் கையெழுத்திடுங்கள்.

அடமானம் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவாகியிருந்தால், கடன் தீர்ந்தது என்ற ரசீது ஆவணத்தையும் வங்கி அதிகாரியை வரவழைத்துப் பதிவு செய்ய வேண்டும். இல்லாவிட்டால் வில்லங்கச் சான்றில் அந்தக் கடன் அப்படியே நிற்கும். கடன் பிரிவிலேயே காலம் கழித்த நான் என் சொந்த வீட்டுக்கு இதைச் செய்ய மறந்து, விற்கப் போன அன்று வாங்க வந்தவர் சான்றை நீட்டியபோதுதான் விழித்தேன்.