வாசகர் கேள்வி – பதில்: புதிய தொழில்நுட்பமும் பொருளாதார வளர்ச்சியும்

கேள்வி: ஐயா, ஒரு நாடு தொழிற்சாலைகளையும் இயந்திரங்களையும் பெருக்கிக்கொண்டே போனால் வளர்ச்சி தானாக வந்துவிடாதா? தொழில்நுட்பத்துக்கு இத்தனை முக்கியத்துவம் தருவது ஏன்?
– பொருளாதார மாணவி, திருச்சி

பதில்: ஓரளவுக்கு வரும், ஆனால் ஓர் எல்லைக்குப் பிறகு நின்றுவிடும். தனியாளாக வேலை பார்க்கும் தையற்காரருக்கு இரண்டாவது இயந்திரம் ஓரளவு உதவலாம். ஐந்தாவது இயந்திரம் மூலையில் தூசி படிந்து கிடக்கும். ஆட்களின் எண்ணிக்கையும் செய்முறையும் மாறாதிருக்க முதலீட்டை மட்டும் கூட்டிக்கொண்டு போனால், கூடுதலாகப் போடும் பணம் வரவரக் குறைந்த பலனையே தரும் என்ற உண்மையின் மீதுதான் அமெரிக்கப் பொருளாதார அறிஞர் ராபர்ட் சோலோ 1956-ல் தமது வளர்ச்சிக் கோட்பாட்டை அமைத்தார். அடுத்த ஆண்டே அமெரிக்காவின் 1909 முதல் 1949 வரையிலான கணக்குகளை எடுத்து ஆராய்ந்தார். வேளாண்மை நீங்கலான துறைகளில் ஒரு தொழிலாளி ஒரு மணி நேரத்தில் தரும் உற்பத்தி அந்தக் காலத்தில் ஏறத்தாழ இரு மடங்காகியிருந்தது. அந்த உயர்வில் எட்டில் ஒரு பங்குக்கு மட்டுமே கூடுதல் முதலீடு காரணமாக இருந்தது. எஞ்சிய ஏழு பங்கும், இருப்பதைக் கொண்டு மேலும் திறமையாக உற்பத்தி செய்யக் கற்றுக்கொண்டதால் வந்தது. தொழிலாளரின் கல்வி, நிர்வாகத் திறன் ஆகியவையும் இந்த ஏழு பங்குக்குள் அடங்கும் என்பதை மறக்கக் கூடாது. பின்னர் வந்தவர்கள் கல்வியைத் தனியே பிரித்துக் கணக்கிட்டபோது அந்தப் பங்கு குறைந்தது உண்மைதான். ஆனால் நீண்டகால வளர்ச்சிக்கு முதலீடு மட்டும் போதாது என்ற முடிவு இன்றுவரை நிலைத்திருக்கிறது.

கேள்வி: எங்கள் பட்டறையில் சி.என்.சி. என்னும் கணினிவழி இயங்கும் இயந்திரம் வாங்கி மூன்று ஆண்டுகள் ஆகின்றன. வங்கிக்கு வட்டி கட்டுகிறோமே தவிர, உற்பத்தி சொல்லிக்கொள்ளும்படி உயரவில்லை. புதுமை வளர்ச்சியைத் தரும் என்பது எங்கள் அனுபவத்தில் பொய்யாகிவிட்டதே?
– பட்டறை உரிமையாளர், கோயம்புத்தூர்

பதில்: உங்கள் அனுபவம் வரலாற்றில் பலமுறை நிகழ்ந்ததுதான். எடிசனின் மின்நிலையம் நியூயார்க்கில் 1882-ல் இயங்கத் தொடங்கியது. ஆனால் மின்சாரத்தால் அமெரிக்க ஆலைகளின் உற்பத்தித்திறன் பெருமளவில் உயர்ந்தது 1920-களில்தான். இடையில் கழிந்த நாற்பது ஆண்டுகளில் நடந்தது என்ன என்பதைப் பால் டேவிட் என்ற பொருளாதார வரலாற்று அறிஞர் 1990-ல் விளக்கினார்.

நீராவிக் காலத்து ஆலை ஒன்றை நினைத்துப் பாருங்கள். ஆலைக்கு ஒரே ஒரு பெரிய நீராவி எஞ்சின். அதிலிருந்து கூரையை ஒட்டி நீண்ட இரும்புத் தண்டு ஓடும். அத்தண்டிலிருந்து ஒவ்வொரு இயந்திரத்துக்கும் தோல் பெல்ட்டுகள் தொங்கும். ஒரே ஓர் இயந்திரம் வேலை செய்தாலும் தண்டு முழுவதும் சுழன்றாக வேண்டும். தண்டின் நீளத்தைக் குறைப்பதற்காகக் கட்டடத்தை மாடி மேல் மாடியாகக் கட்டினார்கள். அதிக விசை தேவைப்படும் இயந்திரத்தை எஞ்சினுக்கு அருகில் வைத்தார்கள். வேலை எந்த வரிசையில் நடக்கிறது என்பது இரண்டாம்பட்சமாக இருந்தது.

மின்சாரம் வந்ததும் பெரும்பாலான முதலாளிகள் நீராவி எஞ்சினைக் கழற்றிவிட்டு அதே இடத்தில் ஒரு பெரிய மோட்டாரைப் பொருத்தினார்கள். தண்டும் பெல்ட்டும் மாடிக் கட்டடமும் அப்படியே இருந்தன. அதனால் எரிபொருள் செலவு சற்றுக் குறைந்தது, அவ்வளவுதான். ஒவ்வோர் இயந்திரத்துக்கும் தனித்தனியே சிறிய மோட்டார் வைக்கலாம் என்ற எண்ணம் பரவிய பிறகுதான் ஆலையின் அமைப்பே மாறியது. தரைத்தளத்திலேயே விசாலமான கூடங்கள் எழுந்தன. பெல்ட்டுகள் மறைந்ததால் மேலிருந்து வெளிச்சம் வந்தது, பாரந்தூக்கிகள் தடையின்றி நகர்ந்தன. இயந்திரங்களை வேலையின் வரிசைப்படி நிறுத்த முடிந்தது. 1913-ல் ஹென்றி ஃபோர்டின் ஹைலண்ட் பார்க் ஆலையில் நகரும் பொருத்து வரிசை அமைந்தபோது, பன்னிரண்டரை மணி நேரம் பிடித்த கார் அடிச்சட்டப் பொருத்துதல் சில மாதங்களில் 93 நிமிடங்களாகச் சுருங்கியது. அதே மின்சாரமும் அதே தொழிலாளரும்தான். வேலையை அடுக்கிய முறைதான் வேறு.

உங்கள் ஊரிலேயே இதற்குச் சான்று உண்டு. 1932-ல் பைக்காரா நீர்மின் நிலையத்திலிருந்து மின்சாரம் வரத் தொடங்கிய பின் கோவையில் பஞ்சாலைகள் பெருகின, சுற்றுக் கிராமங்களின் கிணறுகளில் மோட்டார்கள் ஏறின, பிறகு அந்த மோட்டாரையும் பம்பையும் செய்வதே ஊரின் தொழிலாயிற்று.

ஆகவே இயந்திரத்தைக் குறை சொல்வதற்கு முன் சிலவற்றைக் கவனியுங்கள். ஒரு வேலை முடிந்து அடுத்த வேலைக்கு இயந்திரத்தைத் தயார் செய்வதற்கு (செட்டிங்) எவ்வளவு நேரம் போகிறது? புரோகிராம் எழுதத் தெரிந்தவர் ஒருவர்தானா, அவர் விடுப்பில் போனால் இயந்திரம் சும்மா நிற்கிறதா? ஆர்டர்களை இன்னும் பழைய லேத்துக்கு ஏற்றபடியே பிரித்துக் கொடுக்கிறீர்களா? நீங்கள் எதிர்பார்த்த லாபம் பெரும்பாலும் இந்த இடங்களில்தான் தேங்கிக் கிடக்கும்.

கேள்வி: ஆராய்ச்சிக்கு அரசு ஏன் செலவழிக்க வேண்டும்? பயன்பெறும் நிறுவனங்களே செலவழிக்கட்டுமே?
– ஓய்வு பெற்ற ஆசிரியர், கும்பகோணம்

பதில்: உங்கள் பக்கத்து ஊரான ஆடுதுறையையே எடுத்துக்கொள்வோம். அங்குள்ள நெல் ஆராய்ச்சி நிலையத்தில் ஜப்பானிய ரகம் ஒன்றையும் ஜி.இ.பி. 24 ரகத்தையும் ஒட்டுச் சேர்த்து உருவாக்கிய ஆடுதுறை 27 என்ற நெல் ரகம் 1960-களின் நடுவில் தஞ்சை வயல்களுக்கு வந்தது. ஒரு டிராக்டரை ஒரு நேரத்தில் ஒருவர்தான் ஓட்ட முடியும். ஆனால் இந்த ரகத்தை உருவாக்கிய அறிவை ஒரு விவசாயி பயன்படுத்துவதால் அடுத்தவருக்கு அது குறைந்துபோவதில்லை. கண்டுபிடிக்க ஒருமுறை செலவாகிறது. பயன் எத்தனை பேருக்கும் போகிறது. வளர்ச்சி ஓயாமல் தொடர்வதற்கு அறிவின் இந்த இயல்புதான் காரணம் என்று 1990-ல் காட்டிய பொருளாதார அறிஞர் பால் ரோமருக்கு 2018-ல் நோபல் பரிசு கிடைத்தது. அதே இயல்பினால்தான், பயன் முழுவதும் தன் கைக்கு வராது என்று தெரிந்த தனியார் நிறுவனம் ஆராய்ச்சிக்குத் தேவையான அளவு செலவழிப்பதில்லை. அந்த இடைவெளியை அரசுதான் நிரப்ப வேண்டும். இதில் எனக்கு ஐயமே இல்லை.

கேள்வி: வளர்ச்சி வருகிறது என்கிறீர்கள். வேலை இழப்பவர்களின் கதி என்ன?
– நெசவாளர் குடும்பத்தைச் சேர்ந்தவர், ஈரோடு

பதில்: இதை மழுப்பாமல் சொல்ல வேண்டும். பிரிட்டனில் 1820-களில் இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்டோர் கைத்தறியில் பருத்தித் துணி நெய்தார்கள். விசைத்தறி பரவியபின் அடுத்த முப்பது ஆண்டுகளில் அந்தத் தொழிலே ஏறக்குறைய அழிந்தது. நாட்டின் உற்பத்தி உயர்ந்துகொண்டிருந்த 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கப் பத்தாண்டுகளில் சாதாரணத் தொழிலாளியின் உண்மைக் கூலி, அதாவது விலைவாசியைக் கணக்கில் எடுத்த கூலி, மிக மெதுவாகவே நகர்ந்தது. இயந்திரங்களை உடைத்தவர்களுக்கு 1812-ல் மரண தண்டனைச் சட்டம் கொண்டுவந்த நாடாளுமன்றம், அவர்களின் பிழைப்புக்கு வழி செய்யவில்லை. பேரப்பிள்ளைகள் வசதியாக வாழ்ந்தார்கள் என்பது பட்டினி கிடந்த நெசவாளிக்கு ஆறுதலாகாது.

புதியது பழையதை அழித்துக்கொண்டே வளரும் இந்த இயக்கத்தைக் கணித முறையில் விளக்கியதற்காகவே பொருளாதார அறிஞர்கள் ஃபிலிப் அகியோனும் பீட்டர் ஹோவிட்டும் 2025-ஆம் ஆண்டு நோபல் பரிசைப் பொருளாதார வரலாற்றறிஞர் ஜோயல் மோகிருடன் பகிர்ந்துகொண்டார்கள். வேலையைக் காப்பாற்றுவதைவிட வேலையாளைக் காப்பாற்ற வேண்டும் என்பது அகியோனின் நிலைப்பாடு. அதற்கு அவர் டென்மார்க்கைச் சுட்டுகிறார். அங்கே ஆட்குறைப்பு செய்வது நிறுவனங்களுக்கு எளிது. ஆனால் வேலையின்மைக் காப்பீட்டில் சேர்ந்திருந்து வேலையிழந்தவருக்கு இரண்டு ஆண்டுகள்வரை உதவித்தொகையும் புதிய தொழிலுக்கான பயிற்சியும் கிடைக்கின்றன. நம் நாட்டில் நெசவாளர்களில் பெரும்பாலோர் முறைசாராத் தொழிலாளர்கள். அவர்களுக்கு அத்தகைய உதவித்தொகை இல்லை. தறியை நவீனப்படுத்த மானியம் ஒதுக்கும்போதே, தறியை விட்டு வெளியேற நேர்பவருக்கும் அதே திட்டத்தில் பணம் ஒதுக்க வேண்டும் என்று உங்கள் சங்கத்தின் வழியாகக் கேளுங்கள்.