சாவைப் பற்றிப் பிள்ளைகளுக்குச் சொல்ல மாயாஜாலப் படங்கள் உதவுமா?

கேள்வி: மாயாஜாலப் படங்களில் சாவு எப்போதும் அழகாகவே வருகிறது. எட்டு வயதுப் பிள்ளைக்கு அவற்றைக் காட்டுவது ஆறுதலா, ஏமாற்றா?

எட்டு வயது என்று குறிப்பாக எழுதியிருக்கிறீர்கள். சும்மா சினிமா பற்றிக் கேட்கிறவர் பிள்ளையின் வயதைச் சொல்லமாட்டார். உங்கள் வீட்டில் அண்மையில் ஒரு செத்தவீடு நடந்திருக்கிறது, பிள்ளை ஏதோ கேட்டுவிட்டது, மறுமொழி வராமல் இங்கே வந்து எழுதியிருக்கிறீர்கள் என்று எடுத்துக்கொண்டு எழுதுகிறேன். அப்பப்பா அல்லது அம்மப்பா என்று நினைக்கிறேன். பிழை என்றால் மன்னித்துக்கொள்ளுங்கள்.

நான் சினிமா படித்தவள் இல்லை. திருகோணமலையில் ஒரு சின்னக் கொமினிகேஷன் கடை வைத்திருக்கிறேன். போட்டோகொப்பி, லேமினேட்டிங், பாஸ்போர்ட் சைஸ் படம், அஞ்சலி நோட்டீஸ். உலக சினிமா பார்க்கிற அண்ணன்மார் கீழே வந்து ‘பேர்க்மன் பார்த்தீர்களா’ என்று கேட்குமுன் சொல்லிவிடுகிறேன்: பார்த்தேன். சுவீடன் இயக்குநர் பேர்க்மன் எடுத்து 1957இல் வந்த ‘ஏழாவது முத்திரை’. கொள்ளைநோய்க் காலத்தில் ஒரு போர்வீரன் சாவோடு செஸ் விளையாடித் தன் முடிவைத் தள்ளிப்போடுகிறான். நல்ல படம்தான். ஆனால் சாவு நேரில் வந்து, முன்னால் உட்கார்ந்து, காய் நகர்த்த நேரமும் தருவதென்றால் அதற்கும் ஒரு கொடுப்பினை வேண்டும் என்றுதான் எனக்குத் தோன்றியது.

என் சின்னமாமா 1990 ஆனி மாதம் சைக்கிளில் மண்ணெண்ணெய் வாங்கப் போனவர். அப்போது அவருக்கு 23 வயது, எனக்கு 9. இன்னும் வரவில்லை. யார் கொண்டு போனது என்று கீழே கேட்க வேண்டாம். இது அரசியல் பதில் இல்லை.

அடுத்த வருசம், இடம்பெயர்ந்திருந்த இடத்திலிருந்து ஊருக்குத் திரும்பிய பிறகு, பக்கத்து வளவில் வீடியோ டெக் வாடகைக்கு எடுத்து ஒரு இரவு முழுக்கப் படம் ஓட்டினார்கள். வீட்டுக்கு இவ்வளவு என்று காசு சேர்த்து, ஜெனரேற்றருக்கு எண்ணெய் ஊற்றி. அதில் ஒன்று ரஜினியின் ‘அதிசயப் பிறவி’. மாமா போன அதே 1990இல் வந்த படம். ரஜினியின் உயிரைக் காலம் வருமுன்னே பிழையாகக் கொண்டு போய்விடுவார்கள். அவர் எமலோகத்தில் நின்று சண்டை பிடிப்பார். திருப்பி அனுப்பலாம் என்று பார்த்தால் கீழே உடம்பை எரித்தாயிற்று, வேறு உடம்பு தேட வேண்டும். நாங்கள் பிள்ளைகள் பாயில் உருண்டு உருண்டு சிரித்தோம். அம்மம்மா சிரிக்கவில்லை. ‘பாரன், பிழை விட்டிட்டாங்கள்’ என்று அம்மாவின் தோளைத் தட்டினார்.

அதற்குப் பிறகு கனகாலம் அவர் வாயில் அதே கதைதான். ‘ஆள் மாறிக் கொண்டு போயிருப்பாங்கள். விசாரிச்சுப்போட்டு விடுவாங்கள்.’ எமலோகத்தைச் சொல்கிறாரா, வேறு இடத்தைச் சொல்கிறாரா என்று ஒருவரும் கேட்கவில்லை.

நம் தமிழ்ப் படங்களில் சாவு ஒரு கந்தோர், ஒரு அலுவலகம். ‘லக்கி மேன்’ (1995) பார்த்திருப்பீர்கள். கவுண்டமணி எமன், செந்தில் சித்திரகுப்தன். அந்த ஏடே தவறிப் பூமியில் விழுந்து கார்த்திக்கின் கையில் கிடைக்கும். எல்லாம் பகிடிதான். ஆனால் கந்தோர் என்று ஒன்று இருந்தால் அங்கே போய் முறைப்பாடு கொடுக்கலாம், பிழை திருத்தலாம். ஏடு இருக்கிறது, அதில் பெயர் இருக்கிறது. அம்மம்மா சித்திரா பௌர்ணமிக்குக் கோயிலில் சித்திரபுத்திரனார் கதை கேட்டு, கஞ்சி குடித்துவிட்டு வந்து படியில் இருந்தபடி சொல்வார்: ‘அந்தாள் எல்லாம் எழுதித்தான் வைச்சிருக்கிறார். கேட்டாத்தான் சொல்லமாட்டார்.’

சாவித்திரி கதையும் அப்படித்தான். எமன் கொண்டு போவதை அவள் கண்ணால் கண்டாள், பின்னாலேயே நடந்தாள். 2022இல் வந்த ‘புஸ் இன் பூட்ஸ்’ படத்தில் எட்டு உயிரை விளையாட்டாகச் செலவழித்த பூனையின் பின்னால் சாவு ஒரு ஓநாயாக, சீட்டியடித்துக்கொண்டு வரும். என் மகளுக்கு இப்போதும் அந்தச் சீட்டிச் சத்தம் பயம். சீட்டியடித்தாவது சொல்லிவிட்டு வருகிறதே என்று எனக்கு.

ஆகவே மாயாஜாலப் படம் பிள்ளையை ஏமாற்றும் என்று யாராவது சொன்னால், எங்கே ஏமாற்றுகிறது என்பதில் எனக்கும் அவர்களுக்கும் ஒத்துவராது. செத்தவர் எழும்பி வருவதும் பூனைக்கு ஒன்பது உயிர் இருப்பதும் பிள்ளைக்கே தெரிந்த பொய்கள். ஆர் செத்தது, ஆர் சாகவில்லை என்பது அந்தப் படங்களில் எல்லோருக்கும் தெரிந்திருக்கிறதே, அதுதான் பெரிய மாயம்.

‘கோகோ’வுக்கு வருகிறேன். 2017இல் வந்த படம், நாங்கள் 2018இல் பார்த்தோம். யாரோ பென் டிரைவில் போட்டுத் தந்தார்கள். திருட்டுப் பிரதி என்று பாடம் எடுக்க வராதீர்கள்.

மெக்சிக்கோவில் நவம்பர் 1, 2 செத்தவர்களின் நாள். வீட்டில் அவர்களுடைய படங்களை வைத்து, செவ்வந்தி மாதிரி ஒரு செம்மஞ்சள் பூவைப் பரப்பி, விருப்பமானதைப் படைக்கிறார்கள். (எங்கள் ஊர் வேதக்காரரும் அதே நவம்பர் 2 அன்று சேமக்காலைக்குப் போய் மெழுகுதிரி கொளுத்துவார்கள்.) கதைப்படி, வீட்டில் யாருடைய படம் இருக்கிறதோ அவர் செத்தவர்களின் உலகத்திலிருந்து பூப்பாலம் தாண்டி வரலாம். பாலத்தடியில் கட்டுநாயக்கா விமான நிலையத்தில் போல வரிசை, கவுண்டர், அதிகாரி. ஹெக்டர் என்ற மனுசனுக்கு எந்த வீட்டிலும் படம் இல்லை. வேசம் போட்டுக்கொண்டு போயும் பிடிபட்டுவிடுவார்.

எல்லோரும் அதை ஞாபகம் பற்றிய படம் என்று எழுதுகிறார்கள். எங்கள் வீட்டில் அது காணாமல் போன ஒருவரைப் பற்றிய படம். ஹெக்டர் பாட்டுப் பாட வெளியூர் போனவர், திரும்பவில்லை. விட்டுவிட்டுப் போய்விட்டார் என்று நினைத்து வீட்டார் குடும்பப் படத்திலிருந்து அவர் முகத்தைக் கிழித்துவிடுகிறார்கள். உண்மையில், வீட்டுக்கு வர வெளிக்கிட்டவரைத்தான் கூட்டாளி நஞ்சு கொடுத்துக் கொன்றான். அது ஒருவருக்கும் தெரியாது. மகள் கோகோ மட்டும் கிழவியாகி, நினைவு தப்பிய பிறகும் ‘அப்பா வீட்டை வாறாரா’ என்று கேட்டபடி இருப்பாள். (கதையைச் சொல்லிவிட்டேன் என்று கோபிக்க வேண்டாம். பிள்ளைக்குக் காட்டுமுன் உங்களுக்குத் தெரிந்திருப்பது நல்லது.)

அம்மம்மாவுக்கு இங்கிலீசு தெரியாது. மகள் பக்கத்தில் இருந்து சொல்லிக்கொண்டே வந்தாள். அவளுக்கும் அப்போது எட்டு வயதுதான். கிழவி அப்பாவைக் கேட்கிற இடத்தில் அம்மம்மா, ‘அவளுக்கு என்ன வயசிருக்கும்?’ என்று மட்டும் கேட்டார்.

பாதிப் படத்தில் மகள் திரும்பிச் சுவரைப் பார்த்தாள். எங்கள் வீட்டில் செத்தவர்களின் படங்கள் சாமியறைச் சுவரில் இருக்கின்றன. சந்தனமாலை, சின்னச் சிவப்பு பல்ப். சின்னமாமாவின் படம் எதிர்ச்சுவரில், கலண்டருக்குப் பக்கத்தில். மாலையும் இல்லை, பல்பும் இல்லை. ஆடி அமாவாசைக்கு அம்மப்பாவின் பெயரைச் சொல்லித்தான் கொடுப்போம், அவர் பெயரைச் சொல்வதில்லை.

‘அம்மா, அப்ப சின்னமாமா பாலத்துக்கு எந்தப் பக்கம்?’

‘பேசாமப் படத்தைப் பார்’ என்று அதட்டினேன். அதட்டியிருக்கக் கூடாது. அம்மம்மா கை நீட்டி அவளின் தலையைத் தடவினார். மறுமொழி அவரும் சொல்லவில்லை.

சுவரில் இருக்கும் சின்னமாமாவின் படம் 1989இல் திருகோணமலைக் கோட்டைக்குள் எடுத்தது. கோணேசர் கோயிலுக்குப் போகிற வழியில் நிற்குமே புள்ளிமான்கள், அதில் ஒன்றின் பக்கத்தில் வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு நிற்கிறார். 2004 மார்கழி 26 அன்று கடல் வந்தபோது எங்கள் வீட்டு அல்பம் எல்லாம் போய்விட்டது. இது மட்டும் மிஞ்சியதற்குக் காரணம், அம்மம்மா இதை அல்பத்தில் வைக்காமல் விசாரணைகளுக்குக் கொண்டு போகிற பைலில் வைத்திருந்தார். ‘கடல் வருது’ என்று சனம் கத்தியதும் அவர் தூக்கிக்கொண்டு ஓடியது அந்த பைலைத்தான்.

கடைக்கு வருகிறவர்கள் அடையாள அட்டைப் படத்தைத் தந்து, ‘பெரிசாக்கி ஒரு கோட் போட்டு விடுங்கோ தங்கச்சி’ என்பார்கள். கோட், டை, பின்னால் நீல வானம் எல்லாம் கணினியில் தயாராக வைத்திருக்கிறேன். சாரத்தை மடித்துக் கட்டிக் கரைவலை இழுத்த மனுசன் ஐந்து நிமிடத்தில் வங்கி மனேஜர் ஆகிவிடுவார். மாயாஜாலத்துக்கு ஹொலிவூட் எதற்கு? சின்னமாமாவுக்கு மட்டும் நான் கோட் போடவில்லை. போட்டால் அது அஞ்சலிப் படம்.

இனி எழுதுவது கேள்விக்குச் சம்பந்தமில்லை, ஆனாலும் எழுதுகிறேன். 2010இல் ஒரு சட்டம் வந்தது. ஒரு வருசத்துக்கு மேல் தகவல் இல்லாதவருக்கு மரணச் சான்றிதழ் எடுக்கலாம் என்று. 2016இல் அதைத் திருத்தி, மரணச் சான்றிதழ் வேண்டாம் என்கிறவர்கள் ஆள் காணாமல் போனவர் என்று ஒரு சான்றிதழ் எடுக்கலாம் என்றார்கள். நல்லதுதான், நான் குறை சொல்லவில்லை. ஆனால் அம்மம்மாவைக் கூட்டிக்கொண்டு போன கந்தோர் ஒன்றில், பேனையைக் கையில் வைத்துக்கொண்டு, ‘ரெண்டில ஒண்டைச் சொல்லுங்கோ அம்மா, எனக்கு வேற வேலையிருக்கு’ என்று கேட்ட விதம் இருக்கிறதே! 80 வயது தாண்டிய மனுசி. ஒவ்வொரு முறையும் எல்லாக் கடதாசியிலும் மூன்று மூன்று பிரதி. என் கடை என்பதால் எங்களுக்குச் செலவில்லை, மற்றச் சனம்? 2022இல் ஏ4 தாள் விலை ஏறியதும் நான் போட்டோகொப்பிக்கு ஐந்து ரூபாய் கூட்டியதற்கு இன்றைக்கும் என்னைத் திட்டுகிறார்கள். மூன்று பிரதி கேட்கிறவனை ஒருவரும் திட்டுவதில்லை.

சரி, படத்துக்கு வருகிறேன். கடைசியில் கோகோவின் கொள்ளுப்பேரனான பையன் பாட, கிழவிக்கு நினைவு வந்து, ஒளித்து வைத்திருந்த முகத் துண்டை எடுத்துக் கொடுப்பாள். அடுத்த வருசம் ஹெக்டரின் படம் படையலில் இருக்கும், அவர் பாலம் தாண்டுவார். கோகோவும் அதற்குள் செத்துவிட்டதால் இருவரும் சேர்ந்து வருவார்கள். மகள் தேம்பித் தேம்பி அழுதாள். எனக்கும் கண் கலங்கிவிட்டது. அம்மம்மா கொஞ்ச நேரம் திரையைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுக் கேட்டார்:

‘அப்ப அந்தக் கிழவி செத்துத்தானே தேப்பனைக் கண்டது?’

‘ஓம் அம்மம்மா.’

‘ம்.’ எழும்பிப் படுக்கப் போய்விட்டார்.

அதற்குப் பிறகு அவர் ஒரு விசாரணைக்கும் வரவில்லை. அந்தப் படத்தால்தான் என்று நான் சொல்லமாட்டேன். கால் வீங்கியிருந்தது, வயதும் போய்விட்டது.

2019 மார்கழியில் அம்மம்மா மோசம் போனார். நோட்டீஸை என் கடையில் நானே அடித்தேன். ‘காலஞ்சென்ற’ என்று அம்மப்பாவின் பெயருக்கு முன்னால் போட்டு, பிள்ளைகளின் பெயர்களுக்கு வந்து நின்றேன். பெரியமாமா பின்னால் நின்றார். ‘அவன்ட பேருக்கு முன்னால என்ன போடப்போறாய்?’ என்றார். பத்து நிமிடம் விரலை எடுக்காமல் இருந்தேன். பிறகு ஒன்றும் போடாமல் பெயரை மட்டும் அடித்தேன். தாய்க்குக் கடைசிப் பிள்ளை கொள்ளி வைப்பது எங்கள் வீட்டு வழக்கம். கடைசிப் பிள்ளை அவர்தான். பெரியமாமா வைத்தார்.

சுடலையால் வந்த பிறகு ஒரு பெரியவர் நோட்டீஸை மடித்துக்கொண்டு வந்து, ‘பிள்ளை, இதில ஒரு சொல் விடுபட்டுப் போச்சு போல’ என்றார். நல்லெண்ணத்தில்தான். ‘இல்லை ஐயா, விடுபடேல்ல’ என்றேன்.

முந்தி அந்தியேட்டிக் கிரியைக்குக் கன்னியாவுக்குப் போவார்கள். இராவணன் தன் தாய்க்குக் கிரியை செய்யத் தோன்றிய ஏழு வெந்நீர் ஊற்றுகள் என்பது எங்கள் ஊர்க் கதை. இப்போது டிக்கெட் எடுத்துக் குளிக்கிற இடம். நாங்கள் கடற்கரையிலேயே முடித்தோம். ‘பத்துத் தலைக்காரனுக்குக் கூடத் தாய்க்குச் செய்யக் குடுத்து வைச்சிருக்கு’ என்று அம்மா சொல்லிக்கொண்டே வந்தார்.

அம்மம்மாவின் படத்தை எந்தச் சுவரில் மாட்டுவது என்று பெரியவர்கள் நாங்கள் பேசிக்கொண்டிருக்க, மகள் கதிரையை இழுத்துப் போட்டு ஏறி, கலண்டரைக் கழற்றிவிட்டு அந்த ஆணியில் மாட்டினாள். மாலை அம்மம்மாவுக்கு மட்டும்.

உங்கள் கேள்விக்கு: ‘கோகோ’வைக் காட்டுங்கள். தனியே விட்டுவிட்டுக் குசினிக்குப் போகாமல் பக்கத்தில் இருங்கள். பாலம் வருகிற இடத்தில் பிள்ளை உங்கள் பக்கம் திரும்பி, அப்பப்பா எந்தப் பக்கம் என்று கேட்கும். உங்களிடம் மறுமொழி இருக்கிறது, சொல்லுங்கள்.