ஆலை அதிபரும் நாட்டு அதிபரும்

கேள்வி: அமெரிக்க அதிபர் கோடிக்கணக்கான மக்களின் வாக்கைப் பெற்று வந்தவர். ஒருவருடைய வாக்கையும் பெறாத கீழ்நீதிமன்ற நீதிபதி ஒருவர் அவருடைய ஆணையை நிறுத்திவைக்க முடிகிறது என்றால், அது எப்படி ஜனநாயகம் ஆகும்?
– ஒரு வாசகர், மன்னார்குடி

பதில்: 'அதிபர்' என்ற சொல்லிலிருந்தே தொடங்குகிறேன். இந்தச் சொல்லோடு எனக்கு நெடுநாள் வழக்கு உண்டு. முன்பு ஒருமுறை இதைப் பற்றி இந்தப் பக்கத்தில் எழுதியபோது, புழக்கத்தில் ஊன்றிவிட்ட சொல்லை ஏன் கிளற வேண்டும் என்று வாசகர்கள் பலர் கடிந்துகொண்டார்கள். என் கருத்து மாறவில்லை. ஆலை அதிபர், நகைக்கடை அதிபர், திரையரங்கு அதிபர் என்று நாம் சொல்வது உரிமையாளர் என்ற பொருளில்தான். இலங்கைத் தமிழர்கள் பள்ளியின் தலைமை ஆசிரியரை அதிபர் என்றும் நாட்டின் தலைவரை ஜனாதிபதி என்றும் அழைக்கிறார்கள். நம் நாட்டின் தலைவர் நமக்குக் குடியரசுத் தலைவர். அமெரிக்காவின் தலைவர் மட்டும் எப்படியோ அதிபராகிவிட்டார். அவர் வகிக்கும் பதவியின் ஆங்கிலப் பெயருக்கு வேர்ப்பொருள், அவையில் முன்னால் அமர்ந்து அதை நடத்துபவர் என்பதே. உரிமையாளர் என்ற நினைப்பு நம் சொல்லோடு ஒட்டிக்கொண்டு வருவதால், அவரை ஒரு நீதிபதி தடுத்தால், வீட்டுக்காரரை வாசலில் யாரோ மறித்துவிட்டதைப் போல நமக்குப் படுகிறது. ஆகவே இந்தப் பதிலில் இனி அவரைக் குடியரசுத் தலைவர் என்றே குறிப்பிடுகிறேன்.

அந்தப் பதவியை உருவாக்கியவர்களுக்கும் இந்தக் கவலை இருந்தது. ஜார்ஜ் வாஷிங்டன் பதவியேற்ற 1789-இல், அவரை எப்படி விளிப்பது என்று நாடாளுமன்றத்தின் மேலவையான செனட்டில் பல நாள் விவாதம் நடந்தது. துணைத் தலைவர் ஜான் ஆடம்ஸ் ஆடம்பரமான பட்டம் வேண்டும் என்று வாதாடினார்; 'மேன்மை தங்கிய' என்று தொடங்கி 'மக்களின் உரிமைகளுக்குக் காவலர்' என்று முடியும் நீண்ட பட்டம் ஒன்றைச் செனட் குழு பரிந்துரைத்தது. பிரதிநிதிகள் சபை அதை ஏற்கவில்லை. அடைமொழி எதுவும் இல்லாத வெறும் பதவிப் பெயரே நிலைத்தது. மன்னரிடமிருந்து அப்போதுதான் விடுபட்ட மக்கள் பெயரில்கூட எவ்வளவு எச்சரிக்கையாக இருந்தார்கள் என்பதை எண்ணும்போது, நம் மொழியில் அவருக்கு நாமாகவே முடி சூட்டியிருப்பது எனக்கு உறுத்துகிறது.

நாட்டின் தலைவர் ஒருவர் உண்மையாகவே ஆலைகளைக் கையில் எடுத்த நிகழ்ச்சியும் உண்டு. உங்கள் கேள்விக்கு அதைவிடப் பொருத்தமான வழக்கு எனக்குத் தெரியவில்லை. 1952 ஏப்ரலில், கொரியப் போர் நடந்துகொண்டிருந்தபோது, எஃகுத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கத் தயாராக நின்றார்கள். எஃகு இல்லாமல் போர்க்களத்துக்கு ஆயுதம் போகாது என்று கருதிய அன்றைய குடியரசுத் தலைவர் ஹாரி ட்ரூமன், நாட்டின் பெரும்பாலான எஃகு ஆலைகளை அரசு எடுத்துக்கொள்ளும்படி 8-ஆம் தேதி தம் வணிக அமைச்சருக்கு ஆணையிட்டார். ஆலை நிறுவனங்கள் நீதிமன்றத்துக்குப் போயின. வழக்கு வாஷிங்டனில் டேவிட் பைன் என்ற மாவட்ட நீதிபதியின் முன் வந்தது; அதாவது, நீங்கள் குறிப்பிடும் கீழ்நீதிமன்ற நீதிபதி. அரசு வழக்கறிஞர் அங்கே முன்வைத்த வாதம் ஏறக்குறைய உங்கள் கேள்விதான்: குடியரசுத் தலைவரின் அதிகாரத்துக்கு வரம்பு இரண்டு, ஒன்று வாக்குப்பெட்டி, மற்றொன்று நாடாளுமன்றத்தின் பதவிநீக்க நடவடிக்கை. நாடு அதைக் கேட்டுத் திடுக்கிட்டது. ட்ரூமனே அந்த வாதத்திலிருந்து விலகி நிற்க வேண்டியதாயிற்று. ஏப்ரல் 29-ஆம் தேதி பைன் ஆணைக்குத் தடை விதித்தார்.

ஜூன் 2-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் ஆறுக்கு மூன்று என்ற கணக்கில் அதை உறுதிசெய்தது. அந்த ஒன்பது நீதிபதிகளில் ஒருவர்கூட எதிர்க்கட்சி நியமித்தவர் இல்லை. அனைவரும் ட்ரூமனோ அவருக்கு முன் அதே கட்சியிலிருந்து பதவி வகித்த ரூஸ்வெல்ட்டோ நியமித்தவர்கள். ட்ரூமனின் ஆணைக்கு எதிராக வாக்களித்த டாம் கிளார்க், ட்ரூமனின் அமைச்சரவையிலேயே சட்டத்துறைத் தலைவராக இருந்தவர். தீர்ப்பின் சாரம் எளிமையானது. தனியார் சொத்தை எடுத்துக்கொள்ள அதிகாரம் அளிக்கும் சட்டத்தை இயற்ற வேண்டியது அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ். அது அப்படி ஒரு சட்டத்தை இயற்றவில்லை. அதுமட்டுமன்று, 1947-இல் தொழில் தகராறுச் சட்டம் விவாதத்துக்கு வந்தபோது, இந்த அதிகாரத்தைத் தரலாமா என்று காங்கிரஸ் யோசித்து, வேண்டாம் என்று ஒதுக்கியிருந்தது.

வாசகர் கவனிக்க வேண்டிய இடம் இது. காங்கிரஸ் உறுப்பினர்களும் மக்களின் வாக்கால் வந்தவர்கள்தாம். அவர்கள் மறுத்ததைக் குடியரசுத் தலைவர் தாமாகவே எடுத்துக்கொண்டபோது, நீதிமன்றம் மக்களின் விருப்பத்துக்குக் குறுக்கே நிற்கவில்லை. இந்த வேலையை மக்கள் யாரிடம் ஒப்படைத்தார்கள் என்று கேட்டது. 2022-இல் ஜோ பைடன் ஏறத்தாழ 40,000 கோடி டாலர் மாணவர் கடனைத் தள்ளுபடி செய்ய முயன்றபோதும் கேள்வி இதுவாகவே இருந்தது. கடனில் தவித்த இளைஞர்கள்மீது எனக்குப் பரிவு உண்டு. ஆயினும் அவர் துணைக்கு அழைத்த 2003-ஆம் ஆண்டின் சட்டத்தில் அவ்வளவு பெரிய அதிகாரம் இல்லை என்று உச்ச நீதிமன்றம் 2023-இல் அளித்த தீர்ப்பு சரி என்றே நினைக்கிறேன். கட்சி பார்த்து இந்தக் கேள்வியைக் கைவிட முடியாது.

இவ்வளவு செய்யும் நீதிமன்றத்தின் கையில் இருப்பது என்ன? வாளும் இல்லை, பணப்பையும் இல்லை, தீர்ப்பு மட்டுமே உண்டு என்று, அமெரிக்க அரசமைப்பை உருவாக்கியவர்களில் ஒருவரான அலெக்சாண்டர் ஹாமில்டன் 1788-இலேயே எழுதினார். நீதிமன்ற ஆணைகளை நிறைவேற்றும் மார்ஷல்கள் நீதித்துறை அமைச்சகத்தின்கீழ் வருகிறவர்கள். அந்த அமைச்சகமோ குடியரசுத் தலைவருடையது. நீதிமன்ற அவமதிப்புக் குற்றத்துக்கு ஒருவர் தண்டிக்கப்பட்டாலும் குடியரசுத் தலைவர் அவரை மன்னிக்கலாம் என்பது 1925-இலேயே முடிவான விஷயம். இப்படிப்பட்ட நிலையில், தீர்ப்பு வந்ததும் ட்ரூமன் ஆலைகளைத் திருப்பிக் கொடுத்தார். வேலைநிறுத்தம் 53 நாள் நீடித்தது. ஆனாலும் அவர் தீர்ப்பை மீறவில்லை. 1974 ஜூலை 24-இல், வாட்டர்கேட் ஊழல் விசாரணைக்காக வெள்ளை மாளிகை உரையாடல்களின் ஒலிநாடாக்களை ஒப்படைக்க வேண்டும் என்று வழக்கைக் கேட்ட எட்டு நீதிபதிகளும் ஒருமனதாகச் சொன்னபோது, அவை தம்மைக் கவிழ்க்கும் என்று தெரிந்திருந்தும் அன்றைய குடியரசுத் தலைவர் ரிச்சர்ட் நிக்சன் கொடுத்தார். ஆகஸ்ட் 9-ஆம் தேதி அவர் பதவியில் இல்லை. அந்த எட்டுப் பேரில் மூவர் அவர் நியமித்தவர்கள்.

நீதிமன்றத்தைக் கோயிலாக்கி வணங்கச் சொல்கிறேன் என்று யாரும் எண்ண வேண்டாம். இரண்டாம் உலகப் போரின்போது ரூஸ்வெல்ட்டின் ஆணையால் ஜப்பானிய வம்சாவளியினர் 1,10,000 பேருக்கு மேல் முகாம்களில் அடைக்கப்பட்டபோது, அவர்களில் பெரும்பாலோர் அமெரிக்கக் குடிமக்கள் என்பது தெரிந்தும், 1944-இல் உச்ச நீதிமன்றம் அந்தக் கொடுமையோடு ஒத்துப்போயிற்று. நீதிமன்றம் தடுத்த வழக்குகளைவிட, தடுக்காமல் விட்ட இத்தகைய வழக்குகளே என்னை அதிகம் வருத்துகின்றன. 2024 ஜூலை 1-இல், குடியரசுத் தலைவரின் மைய அதிகாரங்களுக்கு உட்பட்ட செயல்களுக்காகப் பதவி விலகிய பின்னும் அவர்மீது குற்ற வழக்குத் தொடர முடியாது என்று ஆறு நீதிபதிகள் தீர்ப்பளித்ததையும் நான் இந்த வரிசையில்தான் வைக்கிறேன். நம் தமிழ்ச் சொல்லில் மட்டும் இருந்த அதிபர் அன்று அந்த நாட்டுச் சட்டத்துக்குள்ளும் கால் வைத்தார்.

இனி, நீங்கள் மனத்தில் வைத்துக் கேட்டிருக்கக்கூடிய ஆணை. அமெரிக்க மண்ணில் பிறந்தாலும், பெற்றோர் சட்டவிரோதமாகவோ தற்காலிக விசாவிலோ இருந்தால் அந்தக் குழந்தைக்குக் குடியுரிமை இல்லை என்று டொனால்ட் டிரம்ப் 2025 ஜனவரி 20-இல் ஆணையிட்டார். மூன்றாம் நாளே சியாட்டிலில் ஒரு மாவட்ட நீதிபதி அதைத் தடுத்தார். அவரை நியமித்தவர் டிரம்பின் கட்சியைச் சேர்ந்த ரொனால்ட் ரீகன். அவர் காட்டிய அடிப்படை, 1868-இல் சேர்க்கப்பட்ட பதினான்காவது திருத்தம். கறுப்பின மக்கள் குடிமக்களாக முடியாது என்று 1857-இல் உச்ச நீதிமன்றம் சொன்ன தீர்ப்பை அழிப்பதற்காக, காங்கிரசும் மாநிலச் சட்டமன்றங்களும் வாக்களித்து எழுதியது அது. வாக்குப் பெறாத நீதிபதி ஒருவர் 2025-இல் கையில் எடுத்தது, வாக்குப் பெற்றவர்கள் ஒரு நீதிமன்றத்தைத் திருத்துவதற்காக எழுதிய அந்த வரியைத்தான்.

ஜூன் 27-இல் உச்ச நீதிமன்றம், வழக்குத் தொடுத்தவர்களுக்குத் தேவையான அளவைத் தாண்டி மாவட்ட நீதிபதிகள் நாடு முழுவதற்கும் தடை விதிக்கக் கூடாது என்று அவர்களின் கையைக் கட்டியது. உடனே வழக்கறிஞர்கள், ஒரே நிலையில் உள்ள அனைவருக்குமான கூட்டு வழக்கு என்ற வேறு வாசலைத் தட்டினார்கள். ஜூலை 10-இல் நியூ ஹாம்ப்ஷயரில் மற்றொரு மாவட்ட நீதிபதி அந்த வழக்கை ஏற்று ஆணையை மறுபடி தடுத்தார். அங்கே வழக்காடும் தரப்பாக ஏற்கப்பட்டவர்கள், அந்த ஆண்டு பிப்ரவரி 20-ஆம் தேதியிலிருந்து பிறந்த, இனிப் பிறக்கவிருக்கும் குழந்தைகள்.